மைதானத்து ஓரத் தையல்கடை: ஸ்டட்ஸ் ரிப்பேருக்கு எதுவரை நம்பலாம்?

மதுரையில் ஒரு கல்லூரி மைதானத்தின் மதிற்சுவரை ஒட்டி, வேப்பமரத்தடியில் தார்ப்பாய் கட்டி நடக்கிற கடை இது. பெயர்ப்பலகை கிடையாது. ‘ஸ்டட்ஸ் தைக்கிற அண்ணே கடை’ என்று கேட்டால் மைதானத்தில் யாரும் கை காட்டுவார்கள். செருப்பு, பள்ளிக்கூடப் பை, குடை எல்லாம் வரும் என்றாலும் சாயங்காலம் நாலு மணிக்கு மேல் சாக்குப் படுதாவில் வரிசையாகக் கிடப்பது கால்பந்து ஷூக்கள்தான். வாய் பிளந்தது, பக்கம் கிழிந்தது, முளை தேய்ந்து மொட்டையானது என்று எல்லா ரகமும் பார்க்கலாம். (நம் பையன்கள் ஷூவையே ஸ்டட்ஸ் என்கிறார்கள். குழப்பம் வேண்டாம் என்பதால் அடியில் இருக்கும் குமிழ்களை இங்கே முளை என்றே சொல்கிறோம்.)

தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடலாம். தையலுக்கு என்றால் கண்ணை மூடிக்கொண்டு கொடுக்கலாம். ஒட்டுவதற்கு என்றால் பக்கத்தில் நின்று பார்த்துக் கொடுங்கள். சோல் ஒடிந்திருந்தால் போகவே வேண்டாம். போனாலும் அவரே திருப்பி அனுப்பிவிடுவார்.

1990 கால்பந்து உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தைத் தெரிந்தவர்களுக்கு, ஒடிந்த சோல் பற்றிய அந்த வரியின் கனம் புரியும். ஜூலை 8, ரோம். மேற்கு ஜெர்மனியும் அர்ஜென்டினாவும். ஜெர்மன் கேப்டன் லோதர் மத்தேயுஸ்தான் அணியின் பெனால்ட்டி ஆள். கால் இறுதியில் செக்கோஸ்லோவாக்கியாவை 1-0 என்று ஜெயித்ததே அவர் அடித்த பெனால்ட்டியில்தான். அரை இறுதியில் இங்கிலாந்துக்கு எதிரான பெனால்ட்டி வரிசையிலும் அவர் பந்து உள்ளே போனது. இறுதி ஆட்டத்தில் 85-வது நிமிடம் பெனால்ட்டி கிடைக்கிறது. பந்தைப் புள்ளியில் வைத்தவர் மத்தேயுஸ் இல்லை, ஆந்த்ரியாஸ் பிரேமே. பின்னால் மத்தேயுஸ் சொன்ன காரணம் ஷூ. முதல் பாதியில் அவருடைய ஷூவின் அடிப்பாகம் உடைந்துபோக, இடைவேளையில் வேறு ஷூ மாட்டிக்கொண்டு வந்திருந்தார். அது காலோடு பழகவில்லை. ஊன்றுகால் மேல் நம்பிக்கை இல்லாதபோது அடிக்க வேண்டாம் என்று ஒதுங்கிக்கொண்டார். பிரேமே வலது காலால் அடித்தார். 1-0, கோப்பை.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. 1961-ல் எர்லாங்கனில் பிறந்த மத்தேயுஸ் வளர்ந்தது பக்கத்திலிருக்கும் ஹெர்ட்ஸோகெனாவ்ராக் என்ற சிற்றூரில். டாஸ்லர் அண்ணன் தம்பி முறைத்துக்கொண்டு பிரிந்து, அண்ணன் ருடால்ஃப் பூமாவையும் தம்பி அடோல்ஃப் அடிடாஸையும் தொடங்கிய ஊர் அதுதான். எதிரில் வருகிறவர் எந்தக் கட்சி என்று முகத்தைப் பார்ப்பதற்கு முன் காலைப் பார்ப்பார்களாம்; குனிந்த கழுத்துக்காரர்களின் ஊர் என்றே பட்டப்பெயர். மத்தேயுஸின் அப்பா வேலை பார்த்தது பூமாவில். ஷூ ஊரில் வளர்ந்த பிள்ளையையே ஷூ கைவிட்டதென்றால், ஆயிரம் ரூபாய் ஸ்டட்ஸ் மாட்டிக்கொண்டு செம்மண்ணில் ஓடுகிற பையனைப் பற்றிக் கேட்கவே வேண்டாம்.

சோல் ஏன் ஒடிகிறது என்பதைப் பார்த்துவிட்டுக் கடைக்கு வருவோம். கடையில் விற்கிற ஸ்டட்ஸில் பெரும்பாலானவை புல்தரையை நினைத்துச் செய்தவை. முளை மண்ணுக்குள் இறங்க வேண்டும். இறங்கினால்தான் சோலின் முழுப்பரப்பும் தரையில் படிந்து உடம்பு எடை பரவும். ஏப்ரல், மே மாதத்தில் நம் மைதானம் சுட்ட செங்கல் மாதிரி கிடக்கும். முளை அரை அங்குலம் எங்கே, ஒரு நூல்கூட இறங்காது. ஆள் நிற்பது பத்துப் பன்னிரண்டு முளைகளின் நுனியில். முளைக்கும் முளைக்கும் நடுவே சோல் மரப்பாலம் மாதிரி தொங்கும். எட்டு வைக்கிறபோதெல்லாம் விரல் மடிகிற இடத்தில் அந்தப் பாலம் மடங்கி நிமிர்கிறது, ஒரு ஆட்டத்துக்கு ஆயிரக்கணக்கான தடவை. கம்பியை இப்படியும் அப்படியும் வளைத்து ஒடிக்கிற வேலையேதான். முதலில் ஒரு முளையின் வேரில் மயிரிழை மாதிரி வெள்ளைக் கோடு விழும். பிறகு அந்தக் கோடு பக்கத்து முளைக்குத் தாவும். ஒரு நாள், வேகமாக ஓடிவந்து திரும்புகிற நேரத்தில், ‘டப்’.

அந்தக் கோட்டைத் தேடுவதுதான் கடைக்காரர் செய்கிற முதல் வேலை. ஷூவை வாங்கியதும் முன்னும் பின்னும் பிடித்து, கால் மடிகிற இடத்திலேயே மடக்குவார். வெளிச்சத்துக்கு நேரே திருப்பி, முளைகளுக்கு நடுவில் கட்டைவிரல் நகத்தை ஓட்டுவார். நகம் எங்காவது மாட்டினால் பேச்சு முடிந்தது.

“அண்ணே, சனிக்கிழமை மேட்ச்சுண்ணே. எப்படியாச்சும் ஒட்டிக் குடுங்கண்ணே.”

“ஒட்டலாம்டா தம்பி. நீ பெஞ்சுல உக்காந்திருந்தா நிக்கும். ஓடுனா போயிரும். காசை எதுக்குக் கெடுக்கிற?”

அவர் சொல்வது சரி. ஒடிந்த கோடு ஷூ மடங்குகிற கோட்டிலேயே இருப்பதால், அங்கே எந்தப் பசையும் ஒவ்வொரு எட்டுக்கும் இழுபடும். சில இடங்களில் டயர் ரப்பர் துண்டை உள்பக்கமாக வைத்து ஒட்டித் தருவார்கள். இரண்டு வாரம் தாக்குப்பிடிக்கும். ஒட்டுப் போட்ட இடம் விறைத்துக்கொள்ள, மடிப்பு ஒட்டின் விளிம்புக்கு நகர்ந்து அங்கே புதிதாக ஒடியும். நடுவில் பாதத்தின் கீழ் ஒரு மேடு வேறு. வருகிற காசை வேண்டாம் என்று சொல்கிற கடை என்பதாலேயே இதற்கு ஒரு மதிப்பெண் கூட.

அவரிடம் அதிகம் வருவது வாய் பிளந்த ஷூதான். பந்து படுகிற முன்பக்கத்தில் மேல்துணியும் சோலும் பிரிந்துகொள்ளும். பந்து உதைத்ததால் பிளந்தது என்று நினைக்கிறார்கள். பெரும்பாலும் காரணம் சூடு. கால்பந்து ஷூவில் பெரும்பாலும் சோலைத் தைப்பதில்லை, வெறும் ஒட்டுதான். தொழிற்சாலையில் சூடுபடுத்தி அழுத்திய பசை, மறுபடி சூடு ஏறினால் இளகும். சித்திரை வெயிலில் ஸ்கூட்டர் சீட்டுக்கு அடியில் மத்தியானம் முழுக்கக் கிடந்த ஷூவை எடுத்து, ஆறுவதற்குள் மாட்டிக்கொண்டு ஓடினால் இளகிய பசை இழுபடும். அன்றைக்கே பிளக்காது. பொட்டு அளவு இடைவெளி விழும், அதற்குள் செம்மண் தூசி புகும், தூசி புகுந்த இடம் மறுபடி ஒட்டாது. அடுத்த காரணம் சோப்புத்தூள் வாளி. ராத்திரி முழுக்க ஊறப்போட்டு, மொட்டைமாடியில் கவிழ்த்துக் காயவைத்தால் உள்ளே இருக்கும் அட்டை உப்பிச் சுருங்கி, சோலின் வடிவத்தோடு ஒத்துப்போகாமல் நிற்கும்.

சரியாக ஒட்டுகிற முறை இது. ஷூவைத் துலக்கி, நிழலில் ஒரு நாள் உலர்த்திக் கொடுக்க வேண்டும். இது நம் வேலை, அவர் செய்ய மாட்டார். ஈரமும் மண்ணுமாகக் கொண்டுபோனால் துணியால் ஒரு துடை துடைத்துவிட்டுத் தொடங்கிவிடுவார், அந்த ஒட்டு பத்து நாள் தாங்காது. பிளந்த இடத்தோடு நிறுத்தாமல், பிடி உறுதியாக இருக்கும் இடம் வரை பிரித்தெடுக்க வேண்டும். இதை அவர் நன்றாகச் செய்கிறார். தட்டையான கத்தியை நுழைத்து, கெட்டியான இடம் தட்டுப்படும் வரை போகிறார். பழைய பசையைச் சுரண்டி, இரண்டு பக்கமும் கரடுமுரடான உப்புத்தாளால் தேய்த்துச் சொரசொரப்பாக்க வேண்டும். சோல் பளபளவென்று இருந்தால் பசைக்குப் பிடிமானம் கிடைக்காது. பிறகு இரண்டு பக்கமும் மெல்லிய பூச்சு. அது காய்ந்ததும் இன்னொரு பூச்சு. விரலால் தொட்டால் ஒட்டாமல், ஆனால் பிசுபிசுவென்று இருக்கிற பதம் வர பத்துப் பதினைந்து நிமிடம் ஆகும். அந்தப் பதத்தில் சேர்த்து, சுத்தியலால் நடுவிலிருந்து விளிம்புக்குத் தட்டி, சைக்கிள் டியூப் கீற்றால் இறுக்கிச் சுற்றி ஒரு நாள் விட வேண்டும்.

கடை சறுக்குவது இரண்டு இடத்தில். ஒன்று, கூட்டம் இருந்தால் அந்தப் பதினைந்து நிமிடம் ஐந்தாகிவிடும். ஈரப்பதத்தில் சேர்த்த பசை வெளியே காய்ந்து உள்ளே காயாமல் நிற்கும். தட்டும்போது விளிம்பில் பசை பிதுங்கி வழிந்தால் அவசரப்பட்டிருக்கிறார் என்று அர்த்தம்.

இரண்டாவது இதைவிட முக்கியம், எந்தப் பசை என்பது. கைக்கு எட்டுகிற தூரத்தில் இருப்பது மஞ்சள் நிறத்து ரப்பர் பசை, ‘சொல்யூஷன்’ என்பார்கள். ரப்பருக்கும் தோலுக்கும் அது நல்ல பசை. ஆனால் விலை குறைந்த ஸ்டட்ஸின் சோல் ரப்பர் இல்லை, பி.வி.சி. அதை வளைந்து கொடுக்க வைப்பதற்காகச் சேர்த்த எண்ணெய் மாதிரியான பொருள் மெல்லக் கசிந்து மேலே வரும்; மஞ்சள் பசையை அது ஊறவைத்துக் கொழகொழவென்று ஆக்கிவிடும். ஒட்டிய அன்று கல் மாதிரி இருந்த ஷூ மூன்றாவது வாரம் தோல் உரிகிற மாதிரி உரிவது இதனால்தான். விலை உயர்ந்த ஷூக்களின் பிளாஸ்டிக் சோலிலும் மஞ்சள் பசைக்குப் பிடிப்பு குறைவு. இரண்டுக்கும் வேண்டியது பாலியூரித்தேன் பசை, பி.யு. என்று கேட்டால் போதும். பசையை இறுக வைக்கிற ஹார்ட்னர் சில சொட்டு கலந்து பூசி, காய்ந்தபின் சூடு காட்டிச் சேர்க்க வேண்டும். இவரிடம் அந்த டப்பாவும் இருக்கிறது, ஆனால் பெட்டியின் அடியில். கேட்டால்தான் வெளியே வரும், நாற்பது ரூபாய் கூடுதல். கேளுங்கள். உடனே ஒட்டுகிற குட்டி டியூப் பசையை வீட்டில் போட்டுவிட்டு இவரிடம் கொண்டுபோவதைப் போல் ஒரு கெட்ட காரியம் இல்லை. அது கண்ணாடி மாதிரி இறுகி, முதல் மடிப்பிலேயே நொறுங்கும். நொறுங்கியதை முழுசாகச் சுரண்டி எடுக்காமல் வேறு பசையும் பிடிக்காது.

ரோமில் மத்தேயுஸுக்குக் கிடைத்த இடைவேளை மிஞ்சிப்போனால் 15 நிமிடம். உலகத்தின் கைதேர்ந்த தொழிலாளி பக்கத்தில் இருந்திருந்தாலும் பசை பதத்துக்கு வருகிற நேரம் மட்டும்தான் அது.

இனி தையல். இந்தக் கடையின் பேர் நிற்பது இதில்தான். ஒட்டு முழுசாக இறுகியபின், முன்விரல் வளைவைச் சுற்றி ஷூவையும் சோலையும் சேர்த்துத் தைத்துத் தருகிறார். கொக்கி வைத்த குத்தூசி ஒரு கையில், ஷூவுக்குள் நூலைப் பிடித்த இன்னொரு கை. வெளியிலிருந்து குத்தி, உள்ளிருந்து நூலைக் கொக்கியில் மாட்டி இழுத்து, அந்த வளையத்துக்குள் வெளிநூலைச் செருகி இறுக்குவார். கை உள்ளே இருப்பதால் அவர் கண்ணால் பார்ப்பது பாதிதான், மீதி விரல் பார்க்கிறது. மெழுகு தேய்த்த நைலான் நூல். மெழுகு நூலைத் துளைக்குள் வழுக்கிவிடவும் உதவும், தண்ணீர் புகாமலும் காக்கும்.

தையல் நெருக்கமாக இருந்தால் உறுதி என்று நினைத்து “நெருக்கித் தைங்கண்ணே” என்று கேட்பவர்கள் உண்டு. நெருக்கினால் தபால்தலைத் துளை மாதிரி ஆகி, சோல் அந்தக் கோட்டிலேயே கிழியும். இவர் ஒரு தையலுக்கு ஏழெட்டு மில்லிமீட்டர் விடுகிறார், விரல்கடை அகலத்தில் இரண்டு. குத்துவதற்கு முன் சோலின் அடியில் கத்தியால் மெல்லிய வாய்க்கால் கீறி, நூல் அதற்குள் பதிகிற மாதிரி செய்கிறார். இந்த வாய்க்கால்தான் மற்ற இடங்களில் விட்டுப்போகும். நூல் சோலுக்கு வெளியே புடைத்து நின்றால் சரளைத் தரையில் நான்கே ஆட்டத்தில் அறுந்துவிடும். விரல் மடிகிற கோட்டைத் தாண்டித் தைக்க மாட்டார். அதுவும் சரிதான், மடிப்பில் போட்ட துளை ஒடிசலுக்கு வழிகாட்டி.

விளிம்பு மேலேறி ஷூவைக் கிண்ணம் மாதிரி அணைத்திருக்கும் சோல்களில் தையல் பக்கவாட்டில் போகும், இன்னும் உறுதி. செயற்கைப் புல் டர்ஃபில் ஆடுகிற சின்ன முளை ஷூக்கள் பெரும்பாலும் இந்த வகை, ரப்பர் சோல். அவற்றைப் பிளப்பதற்கு முன்பே, புதிதாக வாங்கிய வாரத்திலேயே சுற்றித் தைத்துக்கொள்வது புத்திசாலித்தனம். மதுரையில் டர்ஃப் பெருகியபின் இவருக்குப் பாதி வருமானம் இதில்தான். காகிதம் மாதிரி மெல்லிய பிளாஸ்டிக் சோல் உள்ள விலை உயர்ந்த ஷூவைத் தைக்கக் கொடுக்காதீர்கள். குத்தூசி இறங்குகிற இடத்தில் கீறல் விடும். அவற்றுக்கு ஒட்டு மட்டுமே.

தேய்மானத்தைப் பார்த்தே ஆடுகிற இடத்தைச் சொல்லிவிடுவது இவருடைய பொழுதுபோக்கு. முன்முளை இரண்டும் மொட்டையாகி, குதிமுளை புதுசாக இருந்தால் முன்னால் ஓடுகிறவன். குதிமுளை வெளிப்பக்கமாகச் சாய்ந்து தேய்ந்திருந்தால் பின்வாங்கிப் பின்வாங்கித் தடுக்கிறவன். எல்லாம் ஒரே அளவில் தேய்ந்தது நடுவில் ஆடுகிறவனின் ஷூ. இந்தக் கணக்குப்படி மத்தேயுஸின் ஷூக்கள் காலத்துக்குத் தக்கபடி மாறியிருக்க வேண்டும். 1986 உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தில் மாரடோனாவை நிழலாகத் தொடர்ந்த நடுக்கள ஆள். அதே தொடரில் மொராக்கோவை ஆட்டம் முடிகிற நேரத்தில் ஃப்ரீகிக் அடித்து வீழ்த்தியவர். 1990-ல் நான்கு கோல். வயது ஏறியபின் தற்காப்புக்குப் பின்னால் நின்று ஆட்டத்தைத் தொடங்கிவைக்கிற லிபெரோ. பொருஸியா மோன்சென்கிளாட்பாக், பயர்ன், இன்டர் மிலான், மறுபடி பயர்ன் என்று கிளப் ஆட்டத்தில் 1979-லிருந்து 2000 வரை மேல்மட்டத்திலேயே நின்றார். நாட்டுக்காக 150 ஆட்டம், 23 கோல். 1982 முதல் 1998 வரை ஐந்து உலகக் கோப்பை, 25 ஆட்டம். அந்த 25 ஆட்டக் கணக்கை மெஸ்ஸி 2022-ல்தான் தாண்டினார்.

இவ்வளவு நீண்ட ஓட்டத்தில் நடுவே இரண்டு பெரிய முறிவு. 1992-ல் முழங்கால் தசைநார் கிழிந்தது, அந்த வருடத்து யூரோ (ஐரோப்பிய நாடுகளின் கோப்பை) போனது. 1995 ஜனவரியில் குதிகாலுக்கு மேலே ஓடும் தசைநாண் (நம் பேச்சில் குதிகால் நரம்பு) அறுந்தது, வயது 33. ஆள் முடிந்தார் என்று எழுதினார்கள். திரும்பி வந்து 1998 உலகக் கோப்பையிலும், 39 வயதில் யூரோ 2000-லும் ஆடினார்.

குதிகால் என்றதும் கடைக்கு வந்துவிடலாம். ஷூவின் பின்பக்கம் குதியைப் பிடித்து நிற்பதற்கு உள்ளே ஒரு விறைப்பான கிண்ணம் இருக்கிறது. நாடாவை அவிழ்க்காமல் குதியை மிதித்து மிதித்து மாட்டுவதால் அது நொறுங்கும். நொறுங்கியபின் ஒவ்வொரு எட்டுக்கும் குதி மேலேறி இறங்கும். கொப்புளத்தில் தொடங்கும், நரம்பு உரசுவது வரை போகும். இந்த வேலையில் கடை பரவாயில்லை ரகம். உள்துணியைப் பிரித்து, நொறுங்கியதை எடுத்துவிட்டு, கெட்டித்தோல் துண்டு வெட்டி வைத்துத் தைக்கிறார். பிடிப்பு வந்துவிடும். ஆனால் துண்டின் மேல்விளிம்பைச் சீவி மெலிதாக்காமல் விட்டால் அதே நரம்பில் குத்தும். வாங்கும்போது விரலை உள்ளே விட்டுத் தடவிப் பாருங்கள். படிக்கட்டு மாதிரி தட்டுப்பட்டால் சீவித் தரச் சொல்லுங்கள், முகம் சுளிக்காமல் செய்கிறார்.

மேல்பாகம் கிழிவது பெரும்பாலும் சுண்டுவிரல் பக்கம். தோல் ஷூ என்றால் இவரிடம் கொடுப்பதற்கு யோசிக்கவே வேண்டாம். உள்ளிருந்து மெல்லிய ஆட்டுத்தோல் வைத்து ஒட்டி, ஓரம் தைத்தால் வெளியில் தெரிவதில்லை. திண்டுக்கல்லின் தோல் பதனிடும் ஷாப்புகள் பக்கத்திலேயே இருக்கும் ஊர்ப்பக்கத்துக் கைக்குத் தோலின் போக்கு தெரியாமலா போகும். ஆனால் தோல் ஷூ வருவது குறைந்துகொண்டே போகிறது. கங்காரு தோலில் செய்வதை பூமா 2023-ல் நிறுத்தி, தன் பழைய கிங் ஷூவையே செயற்கைப் பொருளுக்கு மாற்றிவிட்டது. வருகிறதெல்லாம் ரெக்ஸின் அல்லது பின்னல் துணி. ரெக்ஸின் கிழிந்தால் விளிம்பு சுருண்டுகொள்ளும், ஒட்டு வைக்கலாம். பின்னல் துணியில் ஊசி போனால் சாக்ஸ் இழை விடுகிற மாதிரி ஓடும். அதை இவரிடம் கொடுக்காதீர்கள். நாடாத் துளை பிய்ந்தால் வளையம் அடித்துத் தருவார், துளைக்கு பத்து ரூபாய்.

திருகி மாற்றுகிற முளை வைத்த ஷூவை எப்போதாவது யாராவது கொண்டுவருவார்கள். 1954 உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தில், சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகர மழைச் சேற்றில் மேற்கு ஜெர்மனி ஹங்கேரியை 3-2 என்று ஜெயித்தபோது அடோல்ஃப் டாஸ்லர் மாற்றிக் கொடுத்த அதே வகை. நம் தரைக்கு அது ஆகாது. ஐப்பசி மழையில் நாலு நாள் தவிர உபயோகமில்லை. திருகுப்பள்ளம் துருப்பிடித்தால் இவரிடம் அதற்குரிய சாவி கிடையாது, குறடால் திருகி முளையின் தலையைச் சிதைத்துவிடுகிறார். சோலோடு சேர்த்து வார்த்த முளை தேய்ந்தாலும் வழியில்லை. ரப்பர் துண்டு வைத்து உயர்த்தித் தருகிறேன் என்பார், ஒப்புக்கொள்ளாதீர்கள். ஒரு முளை மட்டும் இரண்டு மில்லிமீட்டர் உயர்ந்தாலும் கணுக்கால் சாயும். பாதிக்குக் கீழ் தேய்ந்தால் ஷூவை மாற்ற வேண்டியதுதான். செம்மண் தரைக்கு என்றால் அடுத்த ஜோடியை நீள முளையில் வாங்காமல், குட்டையாகவும் நிறையவும் முளை உள்ள ரப்பர் சோலில் வாங்குங்கள்.

கூலி: முன்பக்கம் ஒட்ட 60 ரூபாய், ஒட்டித் தைக்க 120, ஜோடியைச் சுற்றித் தைக்க 200. பேரம் உண்டு, ஆனால் பள்ளிப் பையன்களிடம் அவரே குறைத்துத்தான் வாங்குகிறார். நேரக்கணக்குதான் பெரிய குறை. “நாளைக்கு வா” என்றால் நாளை மறுநாள். போட்டி நடக்கிற வாரங்களில் அதுவும் இல்லை. ரசீதோ அடையாளச்சீட்டோ கிடையாது. ஒரே மாதிரி நாலு கருப்பு ஷூ கிடக்கும் இடத்தில் மாறிப்போகாமல் இருக்க நாக்கின் உள்பக்கம் பேரெழுதிக் கொடுங்கள். நாடாவையும் உள்பாதத்தையும் கழற்றி வீட்டிலேயே வைத்துவிடுங்கள், தொலைந்தால் பொறுப்பில்லை.

போட்டிக்கு முந்தின நாள் கொண்டுபோவது வீண். ஒட்டுக்கு ஒரு நாள், தையலுக்கு ஒரு நாள், மாட்டிப் பார்த்து இறுக்கம் தெரிந்துகொள்ள ஒரு பயிற்சி என்று மூன்று நாளாவது கையில் இருக்க வேண்டும். தைத்த ஷூ முன்னைவிட முன்விரலில் கொஞ்சம் இறுக்கும். நூலின் முடிச்சு உள்ளே எங்கே படுகிறது என்பது ஓடிப் பார்த்தால்தான் தெரியும். பையில் இரண்டாவது ஜோடி வைத்திருப்பவர்களும் அதை வாரத்துக்கு ஒரு தடவையாவது பயிற்சியில் மாட்ட வேண்டும், பெனால்ட்டி அடிக்கிற ஆள் என்றால் அந்த ஷூவிலும் பத்துப் பந்து அடித்துப் பார்த்திருக்க வேண்டும். ரோமிலும் மாற்று ஜோடி இருக்கத்தான் செய்தது. மத்தேயுஸ் பெனால்ட்டிக்குப் பயந்தவர் என்று அதை வைத்துச் சொல்ல முடியாது. 1984 ஜெர்மன் கோப்பை இறுதியில், மோன்சென்கிளாட்பாக்குக்கு ஆடியபோது, பயர்னுக்கு எதிராக அவர் அடித்தது கம்பத்துக்கு மேலே போயிருக்கிறது. அதன் பிறகும் அடித்துக்கொண்டேதான் இருந்தார். 1994-ல் பல்கேரியாவுக்கு எதிரான கால் இறுதியில் பெனால்ட்டி வந்தபோது தானே எடுத்து வைத்து கோலாக்கினார், அணி தோற்றாலும்.

ஷூவைத் திரும்ப வாங்கும்போது அங்கேயே நின்று, இரண்டு கட்டைவிரலாலும் முன்பக்கத்தைப் பிளக்கிற மாதிரி அழுத்திப் பாருங்கள். இடைவெளி தெரிந்தால் அங்கேயே மறுபடி செய்து தருகிறார், காசு கேட்பதில்லை. டியூப் கீற்று சுற்றியபடியே கொடுத்தால் மறுநாள் காலை வரை அவிழ்க்காதீர்கள், வண்டி சீட்டுக்கு அடியில் வைக்காதீர்கள், கையில் தொங்கவிட்டே கொண்டுபோங்கள். கடை காலை பத்துக்கு மேல், மத்தியானம் சாப்பாட்டுக்கு ஒரு மணி நேரம் இருக்காது, இருட்டினால் சுருட்டிவிடுவார். ஞாயிறு காலையிலும் உண்டு. மழை வந்தால் இல்லை.